கோவையிலிருந்து குஜராத்துக்கு இடமாற்றம்: மறுக்கும் உரிமை எதுவரை?

கோவையில் ஒரு பம்ப் தயாரிப்பு நிறுவனத்தில் பதினொரு ஆண்டுகளாகத் தர ஆய்வாளராக இருக்கும் உங்களை, குஜராத்தில் புதிதாகத் தொடங்கப்பட்டுள்ள ஆலையில் ஏழு நாட்களுக்குள் சேருமாறு உத்தரவிட்டிருக்கிறார்கள். மிகைநேரப் பணிக்கு இரட்டை ஊதியம் கேட்டு இரண்டு மாதங்களுக்கு முன் நிர்வாகத்திடம் கொடுக்கப்பட்ட கூட்டு மனுவில் முதல் கையெழுத்து உங்களுடையது. தாயாருக்கு வாரம் இரண்டு முறை டயாலிசிஸ் நடக்கிறது. மனைவி இங்கே ஒரு பள்ளியில் ஆசிரியை. குறித்த நாளில் சேராவிட்டால் தாமாகவே வேலையை விட்டுவிட்டதாகக் கருதப்படும் என்று உத்தரவின் கடைசி வரி எச்சரிக்கிறது. இந்த உத்தரவை மறுக்க எனக்குச் சட்டத்தில் உரிமை உண்டா, மறுத்தால் பணிக்கொடையும் போய்விடுமா என்று கேட்டிருக்கிறீர்கள். மறுப்பது என்ற அந்த ஒரு சொல்லுக்குள் இரண்டு வேறு கேள்விகள் பின்னிக் கிடக்கின்றன. உத்தரவு சட்டப்படி செல்லுமா என்பது ஒன்று. அது செல்லாது என்றே வைத்துக்கொண்டாலும், போகாமல் வீட்டில் இருக்கலாமா என்பது மற்றொன்று. முதல் கேள்வியில் வென்றிருக்கக்கூடியவர்கள் இரண்டாவது கேள்வியில் தோற்று வேலையை இழப்பதைத்தான், தொழிலாளர் நீதிமன்றத்திலும் சமரச அலுவலர்கள் முன்பும் வழக்காடிய இருபத்திரண்டு ஆண்டுகளில் நான் அதிகம் பார்த்திருக்கிறேன். தொடக்கத்தில் சில ஆண்டுகள் நிர்வாகத் தரப்பிலும், அதன்பின் பெரும்பாலும் தொழிலாளர் தரப்பிலும் நின்றவன் என்ற முறையில் இரு பக்கத்துக் கணக்குகளையும் வைத்தே எழுதுகிறேன். உங்கள் நியமன ஆணையை நான் பார்க்கவில்லை என்பதால், சில இடங்களில் 'அதில் இப்படி இருந்தால்' என்றுதான் சொல்ல முடியும்.

இடமாற்றம் செய்யும் அதிகாரம் முதலாளி என்ற ஒரே காரணத்தால் யாருக்கும் வந்துவிடுவதில்லை. அது பணி ஒப்பந்தத்திலிருந்தோ, சான்றளிக்கப்பட்ட நிலையாணைகள் எனப்படும் ஆலையின் எழுத்து மூலமான பணி விதிகளிலிருந்தோ, பணியின் இயல்பிலிருந்தோ வரவேண்டும். இதைத் தெளிவாகச் சொன்ன தீர்ப்பு 1960இல் பதிவான குந்தன் சுகர் மில்ஸ் வழக்கு. உத்தரப் பிரதேசத்தின் அம்ரோகாவில் ஒரே ஒரு சர்க்கரை ஆலையை நடத்திவந்தவர்கள் பின்னாளில் புலந்த்சகரில் இன்னோர் ஆலையைத் தொடங்கி, அம்ரோகா தொழிலாளர்கள் நால்வரை அங்கே போகச் சொன்னார்கள். அவர்கள் போகவில்லை, வேலைநீக்கம் செய்யப்பட்டார்கள். வேலைக்குச் சேர்ந்தபோது இல்லாத ஓர் ஆலைக்கு, அப்படியொரு நிபந்தனை வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ ஒப்பந்தத்தில் இல்லாத நிலையில், தொழிலாளியை அனுப்பும் உரிமை முதலாளிக்கு இல்லை என்று உச்ச நீதிமன்றம் தொழிலாளர் பக்கம் தீர்ப்பளித்தது. உங்கள் நிலையும் மேலோட்டமாகப் பார்த்தால் இதேதான். நீங்கள் சேர்ந்தபோது குஜராத் ஆலை இல்லை.

ஆனால் அந்தத் தீர்ப்பை வைத்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்கிவிட முடியாது. அதைப் படித்த நிர்வாகங்கள் தங்கள் நியமன ஆணைகளின் வாசகத்தை மாற்றிக்கொண்டு பல காலம் ஆகிறது. 'இந்தியாவில் எங்கும், தற்போது உள்ள அல்லது இனி தொடங்கப்படும் எந்தக் கிளைக்கும், பிரிவுக்கும், துணை நிறுவனத்துக்கும்' என்ற வரி இன்று ஏறக்குறைய எல்லா ஆணைகளிலும் இருக்கிறது. சேரும் நாளில் யாரும் அதைப் படிப்பதில்லை. சிப்லா மருந்து நிறுவனத்தின் பெங்களூர் ஊழியர் ஒருவர் பம்பாய்க்கு மாற்றப்பட்டபோது, தம்மைப் பெங்களூருக்கென்றே நியமித்தார்கள் என்று வாதாடினார். நியமனம் எந்த ஊருக்கு என்பது வேறு, மாற்றலாம் என்ற பிரிவு வேறு, முதலாவது இரண்டாவதை ரத்து செய்யாது என்று உச்ச நீதிமன்றம் அவர் வாதத்தை ஏற்க மறுத்தது. ஆகவே முதல் வேலையாக நியமன ஆணையையும், அதன்பின் வந்த பதவி உயர்வு ஆணைகளையும், ஊதிய உயர்வுக் கடிதங்களையும் எடுத்து வைத்து ஒவ்வொரு பத்தியாகப் படியுங்கள். பழைய ஆணையில் இல்லாத இடமாற்றப் பிரிவை, ஊதிய உயர்வுக் கடிதத்தின் இரண்டாம் பக்கத்தில் சேர்த்துக் கையெழுத்து வாங்கிவிடுவது வழக்கமாக நடப்பதுதான். அப்படிக் கையெழுத்திட்டிருந்தால் அது உங்களைக் கட்டுப்படுத்தும் என்றே வைத்துக்கொள்ள வேண்டும்.

நியமன ஆணை மௌனமாக இருந்தால் நிலையாணைகளைப் பாருங்கள். அவற்றை ஆங்கிலத்திலும், பெரும்பான்மைத் தொழிலாளர்களுக்குப் புரியும் மொழியிலும் நுழைவாயில் அருகே பலகையில் ஒட்டி வைக்கவேண்டும் என்று 1946ஆம் ஆண்டு நிலையாணைகள் சட்டமே சொல்லியிருந்தது. பலகையில் இல்லையென்றால் எழுத்து மூலம் நகல் கேளுங்கள். ஒன்றிய அரசின் வரம்புக்குள் வரும் நிறுவனங்களுக்கான மாதிரி நிலையாணையில் இடமாற்றம் பற்றிய பிரிவு நன்றாக எழுதப்பட்டிருக்கிறது. ஊதியம், தரநிலை, பணித் தொடர்ச்சி ஆகியவை பாதிக்கப்படக்கூடாது. செய்யத் தெரிந்த வேலைக்கே மாற்றவேண்டும். ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்கு மாற்றுவதானால் தொழிலாளியின் இசைவோ, நியமன ஆணையில் அதற்கென்றே ஒரு பிரிவோ வேண்டும். நியாயமான முன்னறிவிப்பும், சேர்வதற்கு நியாயமான கால அவகாசமும், பயணச் செலவும் தரவேண்டும் என்கிறது அது. உங்கள் நிறுவனம் மாநில அரசின் வரம்புக்குள் வருவதால் இது உங்களை நேரடியாக ஆளாது. ஆனால் நியாயமான இடமாற்றம் எப்படி இருக்கவேண்டும் என்பதற்கு அரசே வகுத்த அளவுகோல் என்ற முறையில் சமரசப் பேச்சில் இதை நான் பலமுறை எடுத்துக்காட்டியிருக்கிறேன். அது பயன்பட்டும் இருக்கிறது. மாநிலம் விட்டு மாநிலம் அனுப்ப ஏழு நாள் கெடு என்பது அந்த அளவுகோலுக்கு முன் நிற்காது.

இன்னொன்றையும் உடனே சரிபாருங்கள், ஏனென்றால் வழக்கின் போக்கையே அது மாற்றக்கூடும். குஜராத் ஆலை உங்கள் நிறுவனத்தின் பெயரிலேயே இருக்கிறதா, அல்லது அதே முதலாளி குடும்பம் தனியாகப் பதிவு செய்த வேறொரு பிரைவேட் லிமிடெட் நிறுவனமா? புதிய மாநிலத்தில் ஆலை தொடங்கும்போது தனி நிறுவனமாகப் பதிவு செய்வது இப்போது பரவலான வழக்கம். அப்படியானால் இதை இடமாற்றம் என்று சொல்வதே தவறு. உங்களை வேறொரு முதலாளியிடம் ஒப்படைக்கிறார்கள் என்பதே அதன் பொருள். ஒருவரைக் கேட்காமல் அவருடைய முதலாளியை மாற்றமுடியாது என்பது சட்டத்தில் உறுதியாக நிலைபெற்ற கொள்கை. ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகம் இம்பாலில் நடத்திவந்த மையம் மணிப்பூர் பல்கலைக்கழகத்துக்குக் கைமாறியபோது, அங்கே பணியாற்றிய ஆசிரியர் இசைவு தராதவரை அவர் ஜே.என்.யூ.வின் ஊழியரே என்று 1989இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஊதியச் சீட்டில் உள்ள நிறுவனப் பெயரையும், இடமாற்ற உத்தரவில் குஜராத் முகவரிக்கு மேலே அச்சிடப்பட்டுள்ள பெயரையும் எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டுப் பாருங்கள். நியமன ஆணையில் 'துணை நிறுவனங்களுக்கும்' என்ற சொல் இருந்தால் நிர்வாகம் அதைப் பிடித்துக்கொள்ளும். அந்தச் சொல் மட்டும் முன்கூட்டிய இசைவாகிவிடுமா என்பது வாதத்துக்கு இடமுள்ளது. இரு பக்கமும் பேசமுடியும்.

அதிகாரம் இருக்கிறது என்றே முடிவானாலும் எல்லாம் முடிந்துவிடவில்லை. அந்த அதிகாரம் எதற்காகப் பயன்படுத்தப்பட்டது என்று கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தில் ஐந்தாம் அட்டவணை என்று ஒன்று இருந்தது. நிர்வாகக் கொள்கையைப் பின்பற்றுவது என்ற போர்வையில் தீய நோக்கத்துடன் தொழிலாளியை ஓரிடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு மாற்றுவதை, நேர்மையற்ற தொழில் நடைமுறைகளில் ஒன்றாக அது குறிப்பிட்டது. அந்தச் சட்டத்துக்குப் பதிலாக 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்குக் கொண்டுவரப்பட்ட தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பின் இரண்டாம் அட்டவணையிலும் இதே தடை இடம்பெற்றிருக்கிறது. பழைய சட்டத்தில் இதற்கு ஆறு மாதம் வரை சிறையோ ஆயிரம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்கலாம் என்று இருந்தது. புதிய தொகுப்பில் சிறை இல்லை, பத்தாயிரத்திலிருந்து இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம். தண்டனைப் பிரிவை நம்பி யாரும் வழக்கை நடத்துவதில்லை, நானும் நடத்தச் சொல்லமாட்டேன். உத்தரவையே செல்லாததாக்க இந்த அட்டவணை தரும் அடித்தளம்தான் மதிப்புள்ளது.

தீய நோக்கம் என்று சொல்வது எளிது. நிரூபிப்பது மிகக் கடினம். இதில் நீதிமன்றங்கள் இன்றுவரை மேற்கோள் காட்டும் தீர்ப்பு தமிழ்நாட்டிலிருந்து போனது. மாநிலத்தின் தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா 1972இல் முதலில் திட்டக்குழுவின் துணைத் தலைவராகவும், பிறகு தனி அலுவலராகவும் மாற்றப்பட்டார். முதலமைச்சரின் பகைமையே காரணம் என்று அவர் உச்ச நீதிமன்றம் சென்றார். தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்கு எதிரானது என்ற புகழ்பெற்ற கோட்பாடு அந்தத் தீர்ப்பில்தான் பிறந்தது. ஆனால் ராயப்பா தோற்றார் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். தீய நோக்கத்தைக் குற்றம் சாட்டுபவரின் மேல் மிகப் பெரிய நிரூபணச் சுமை இருக்கிறது, சந்தேகம் எழுகிறது என்பது மட்டும் போதாது என்று நீதிமன்றம் சொன்னது. மாநிலத்தின் தலைமைச் செயலாளரால் சுமக்கமுடியாத அந்தச் சுமையைத்தான் ஆலைத் தொழிலாளியும் சுமக்கவேண்டியிருக்கிறது. இதில் எனக்கு உடன்பாடு இல்லை. ஆவணங்கள் முழுவதும் நிர்வாகத்தின் அலமாரியில் இருக்கும்போது, சூழ்நிலைகளை ஓரளவு காட்டிவிட்டாலே விளக்கம் சொல்லும் பொறுப்பு நிர்வாகத்துக்கு மாறவேண்டும் என்று நான் நினைக்கிறேன். ஆனால் சட்டம் இன்று இருக்கும் இடம் அதுவல்ல என்பதை மறைக்கக்கூடாது.

ஒரு சிறு வாசல் மட்டும் திறந்திருக்கிறது. யாருக்கும் தனிப்பட்ட பகை இருந்ததாகக் காட்டாமலேயே, உத்தரவுக்குச் சொல்லப்படும் காரணம் ஒன்று, உண்மைக் காரணம் வேறு என்று நிறுவமுடிந்தால் அது சட்டத்தின் பார்வையில் தீய நோக்கமே என்று 2009இல் பதிவான சோமேஷ் திவாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பெயரில்லாப் புகாரை வைத்து ஓர் அதிகாரியை மாற்றிய விவகாரம் அது. தண்டனைக்குப் பதிலாகப் பிறப்பிக்கப்படும் இடமாற்ற உத்தரவு செல்லாது என்று அதில் தெளிவாகவே சொல்லப்பட்டது. அது அரசு ஊழியர் வழக்கு என்றாலும், தொழிலாளர் நீதிமன்றத்தில் இந்த வாதத்தை எடுக்கத் தடையேதும் இல்லை.

அதனால் மனதில் இருக்கும் கோபத்தை எழுதாதீர்கள். காட்டக்கூடிய உண்மைகளைச் சேருங்கள். கூட்டு மனு கொடுத்த தேதிக்கும் உத்தரவின் தேதிக்கும் இடைவெளி எத்தனை நாள்? மனுவில் கையெழுத்திட்டவர்களில் எத்தனை பேர் மாற்றப்பட்டார்கள், கையெழுத்திடாதவர்களில் எத்தனை பேர்? இந்தப் பதினொரு ஆண்டுகளில் தர ஆய்வுப் பிரிவிலிருந்து வெளிமாநிலத்துக்கு யாரையாவது அனுப்பியதுண்டா? உங்களைவிட இளையவர்கள், குடும்பச் சுமை இல்லாதவர்கள், தாங்களாகவே போக விரும்புபவர்கள் இருக்கிறார்களா? உங்கள் இடத்துக்கு இங்கே புதிதாக ஆள் எடுக்க விளம்பரம் வந்திருக்கிறதா? இந்தக் கடைசிக் கேள்வி வலிமையானது. இங்கே ஆள் மிகுதி என்று சொல்லி ஒருவரை மாற்றிவிட்டு, அதே வேலைக்கு ஒப்பந்தத் தொழிலாளரை அமர்த்தியதை விளம்பரத்தின் திரைப்பிடிப்பை வைத்தே ஒரு வழக்கில் காட்டமுடிந்தது. மேற்பார்வையாளர் அனுப்பிய வாட்ஸப் செய்திகள், 'மனுவைத் திரும்பப் பெற்றுக்கொள், பார்த்துக்கொள்ளலாம்' என்பது போன்ற பேச்சு ஏதாவது இருந்தால் அழிக்காமல் வைத்திருங்கள், கைபேசியை மாற்றாதீர்கள்.

தாயாரின் சிகிச்சையும் மனைவியின் வேலையும் பற்றி நேர்மையாகச் சொல்லவேண்டும். மனிதர் என்ற முறையில் உங்களுக்கு இவைதான் முதற்காரணங்கள். சட்டத்தில் இவை உரிமைகள் ஆவதில்லை. அரசுப் பணியில்கூட, கணவன் மனைவியை ஒரே ஊரில் பணியமர்த்தவேண்டும் என்ற வழிகாட்டுதல் நீதிமன்றத்தின் மூலம் நிறைவேற்றிக்கொள்ளக்கூடிய உரிமையைத் தராது என்று 1993இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கில் சொல்லப்பட்டுவிட்டது. 2022இல் நௌஷாத் ரகுமான் வழக்கில், இடமாற்றக் கொள்கை வகுக்கும்போது குடும்ப வாழ்க்கையைப் பாதுகாப்பதை அரசு கருத்தில் கொள்ளவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சற்றே இளகிய குரலில் பேசியது. அது அரசுக்குச் சொன்னது. தனியார் முதலாளியை அதை வைத்துக் கட்டாயப்படுத்தமுடியாது. ஆகவே இந்தக் காரணங்களைத் தனி விண்ணப்பமாக எழுதுங்கள், சட்ட ஆட்சேபத்தோடு கலக்காதீர்கள். கலந்தால், இவருடைய உண்மையான தயக்கம் குடும்பச் சூழ்நிலைதான், பழிவாங்கல் என்பது பிறகு சேர்த்த கதை என்று நிர்வாகத்தின் வழக்கறிஞர் ஒரே வரியில் முடித்துவிடுவார். மருத்துவமனைச் சான்றுகளை இணைத்து, ஆறு மாத அவகாசம், அல்லது தமிழ்நாட்டுக்குள் வேறு பிரிவு என்று குறிப்பான மாற்று வழியைக் கேட்டு எழுதப்படும் விண்ணப்பம் வெறும் வேண்டுகோளைவிடப் பலன் தருகிறது.

இனி இரண்டாவது கேள்வி. ஏழாம் நாள் என்ன செய்வது? குஜராத் மின்வாரியத்துக்கும் ஆத்மாராம் என்பவருக்கும் இடையே 1989இல் தீர்ப்பான வழக்கு இதில் வழிகாட்டி. இடமாற்றத்தை ஆட்சேபித்து மனு கொடுக்கலாம். ஆனால் உத்தரவு நிறுத்திவைக்கப்படாதவரை, மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகச் சேராமல் இருக்கும் உரிமை இல்லை என்று அதில் சொல்லப்பட்டது. அவர் சேரவில்லை, வேலையிலிருந்து விடுவிக்கப்பட்டது சரியே என்று முடிந்தது. என்னிடம் வந்தவர்களில் ஒருவரை நினைத்துக்கொள்கிறேன். அவருடைய இடமாற்றம் அப்பட்டமான பழிவாங்கல் என்பதில் எனக்கு இன்றும் ஐயமில்லை. ஆனால் அவர் நான்கு மாதம் வீட்டில் இருந்துவிட்டார். நிர்வாகம் மூன்று கடிதங்கள் அனுப்பி, குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்து, அவர் வராத நிலையில் உள்விசாரணையை முடித்து நீக்கிவிட்டது. வழக்கு விசாரணைக்கு வந்தபோது இடமாற்றம் சரியா என்ற கேள்வியே பின்னுக்குப் போய்விட்டது. 'ஏன் சேரவில்லை' என்ற ஒரே கேள்வியைச் சுற்றியே எல்லாம் நடந்தது. தண்டனை மிகையானது என்று குறைக்கத் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு 1947ஆம் ஆண்டுச் சட்டத்தின் 11ஏ பிரிவில் அதிகாரம் இருந்தும், பல ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு தொகையோடு விவகாரம் முடிந்தது. வேலை திரும்பக் கிடைக்கவில்லை.

உத்தரவு கையில் கிடைத்த மறுநாளே மருத்துவ விடுப்பில் போவதும் இதே குழிதான். உண்மையான நோயாக இருந்தாலும் நம்பமாட்டார்கள். உங்கள் உத்தரவில் உள்ள 'தாமாகவே வேலையை விட்டதாகக் கருதப்படும்' என்ற வரியைப் பொறுத்தவரை மட்டும் தைரியமாக இருக்கலாம். எட்டு நாட்களுக்கு மேல் வராவிட்டால் பெயர் தானாக நீங்கும் என்று நிலையாணையே சொன்ன ஒரு வழக்கில்கூட, விளக்கம் கேட்காமல், விசாரணை நடத்தாமல் அப்படி நீக்கமுடியாது என்று 1993இல் டி.கே. யாதவ் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் சொல்லி, தொழிலாளியை மீண்டும் வேலையில் அமர்த்தியது. ஆகவே எட்டாம் நாளே உங்கள் வேலை காற்றில் கரைந்துவிடாது. ஆனால் விசாரணை நடத்தி நீக்க அவர்களுக்கு நீங்களே ஒரு காரணத்தைத் தரவேண்டாம் என்பதற்காகத்தான் இவ்வளவு சொல்கிறேன்.

நான் பெரும்பாலும் சொல்லும் வழி, எதிர்ப்பைப் பதிவு செய்துவிட்டுச் சேருவது. சேர்ந்தால் உத்தரவை ஒப்புக்கொண்டதாகிவிடும் என்ற அச்சம் பலருக்கு இருக்கிறது. எழுதிக் கொடுக்காமல் சேர்ந்தால்தான் அந்த ஆபத்து. 'இந்த இடமாற்ற உத்தரவு எனது பணி நிபந்தனைகளுக்கு முரணானது என்றும், கூட்டு மனுவில் நான் கையெழுத்திட்டதற்குப் பழிவாங்கும் நோக்கில் பிறப்பிக்கப்பட்டது என்றும் கருதுகிறேன். இதை எதிர்க்கும் எனது சட்ட உரிமைகள் எதையும் விட்டுக்கொடுக்காமல், ஒழுங்கு நடவடிக்கைக்கு இடமளிக்கக்கூடாது என்பதற்காக மட்டுமே எதிர்ப்புடன் பணியில் சேர்கிறேன்' என்ற இரண்டு வாக்கியங்கள் போதும். இதை ஏழு நாட்களுக்குள் மின்னஞ்சலிலும் ஸ்பீடு போஸ்ட்டிலும் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பயண முன்பணம், வீட்டுச் சாமான் கொண்டு செல்லும் செலவு, தங்குமிடம், கூடுதல் கால அவகாசம் ஆகியவற்றை அதே நாளில் வேறு கடிதத்தில் கேளுங்கள். பதில் வராவிட்டால் அதுவும் ஒரு சான்று. பழைய சட்டத்தில், வேலை இல்லாததால் தற்காலிகமாக நிறுத்திவைக்கப்பட்ட (லே-ஆஃப்) தொழிலாளி, அதே ஊரிலோ ஐந்து மைல் சுற்றளவுக்குள்ளோ தரப்படும் மாற்று வேலையை ஏற்க மறுத்தால் இழப்பீட்டை இழப்பார் என்று இருந்தது. எளிய தொழிலாளி எவ்வளவு தூரம் இடம்பெயரமுடியும் என்பதைச் சட்டம் இயற்றியவர்கள் அன்று எப்படிக் கணக்கிட்டார்கள் என்பதை நினைவூட்டவே இதைச் சொல்கிறேன். உங்கள் வழக்கை இது தீர்மானிக்காது.

சேர்ந்தபின் கண்ணைத் திறந்து வைத்திருங்கள். தென்மாவட்டம் ஒன்றிலிருந்து வெளிமாநிலக் கிடங்குக்கு மாற்றப்பட்ட ஒரு கடைசல் தொழிலாளி, அங்கே கடைசல் எந்திரமே இல்லை என்பதைப் போன முதல் நாளே கண்டார். வாரம் ஒரு கடிதமாக, 'எனக்குத் தெரிந்த வேலையைத் தாருங்கள்' என்று மட்டும் எழுதிக்கொண்டிருந்தார். கோபமாக ஒரு சொல்கூட இல்லை. சமரச அலுவலர் முன் அந்தக் கடிதங்களை அடுக்கி வைத்தபோது, நிர்வாகப் பிரதிநிதியால் எந்திரம் இருக்கிறது என்று சொல்லமுடியவில்லை. உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. அவர் போகாமல் இருந்திருந்தால் அந்தச் சான்று கிடைத்தே இருக்காது.

சேராமலே எதிர்க்கலாம் என்று நான் சொல்லும் சூழ்நிலை ஒன்றே ஒன்றுதான்: ஒப்பந்தத்திலும் நிலையாணையிலும் இடமாற்றப் பிரிவு இல்லவே இல்லை, அல்லது போகச் சொல்லும் இடம் வேறொரு நிறுவனம் என்பது ஆவணங்களில் தெளிவாகத் தெரியும்போது. அப்போதும் வீட்டில் இருக்கக்கூடாது. தினமும் பழைய ஆலையின் வாயிலுக்குப் போய், வேலைக்குத் தயாராக இருப்பதை எழுதிக் கொடுத்து, உள்ளே விடாவிட்டால் அதையும் அன்றே எழுதி அனுப்பவேண்டும். தவறினால் வேலையை இழக்கும் அபாயம் முழுவதும் உங்களுடையது என்பதைத் தெரிந்தே இறங்கவேண்டும்.

எங்கே முறையிடுவது என்பதில் உங்கள் பதவிப் பெயரைவிட, நீங்கள் உண்மையில் செய்யும் வேலையே முக்கியம். அளவெடுத்துச் சோதித்து அறிக்கை தரும் தர ஆய்வாளர், தொழில்நுட்பப் பணி செய்யும் தொழிலாளர் என்ற வரையறைக்குள் வருவார். பலருக்கு விடுப்பு ஒப்புதல் தருவதும் வேலை பிரித்துக் கொடுப்பதும் உங்கள் முதன்மைப் பணியாக இருந்தால் மேற்பார்வைப் பணி என்று வாதிடுவார்கள். மாதம் பத்தாயிரம் ரூபாய்க்கு மேல் பெறும் மேற்பார்வையாளர் பழைய சட்டத்தின் வரையறையில் தொழிலாளர் அல்ல. புதிய தொகுப்பில் அந்த வரம்பு பதினெட்டாயிரம். தொழிலாளர் என்று ஆனாலும் இன்னொரு தடை உண்டு. வேலைநீக்கத்தை எதிர்த்துத் தனி ஆளாகத் தகராறு எழுப்பலாம். இடமாற்றத்தை எதிர்த்து எழுப்பமுடியாது. தொழிற்சங்கமோ, கணிசமான எண்ணிக்கையில் சக தொழிலாளர்களோ உங்கள் பிரச்சினையைத் தங்களுடையதாக ஏற்று எழுப்பவேண்டும். கூட்டு மனுவில் கையெழுத்திட்டவர்கள் இப்போது உங்கள் பின்னால் நிற்பார்களா என்பதைப் பொறுத்தே பாதி வழக்கு அமையும் என்பேன். அந்த மனுவின் நகல் தொழிலாளர் துறைக்கும் சென்று, சமரச அலுவலர் அதன்மேல் பேச்சைத் தொடங்கியிருந்தாரா என்று விசாரியுங்கள். சமரசம் நிலுவையில் இருக்கும்போது, அந்தத் தகராறோடு தொடர்புள்ள பணி நிபந்தனைகளை எழுத்து மூலமான அனுமதியின்றித் தொழிலாளிக்குப் பாதகமாக மாற்றத் தடை உண்டு. ஒப்பந்தத்திலேயே இடமாற்றப் பிரிவு இருக்கும்போது, இடமாற்றத்தைப் பணி நிபந்தனையில் செய்யப்பட்ட மாற்றம் என்று சொல்லமுடியுமா என்பதில் கருத்து வேறுபாட்டுக்கு இடம் இருக்கிறது. ஊதியத்தில் ஏதாவது படி குறைந்தால் வாதம் வலுப்பெறும்.

இதைப் படிக்கும் மேலாளர்களுக்கும் அலுவலர்களுக்கும் ஒரு வார்த்தை. தனியார் நிறுவனத்தில் தொழிலாளர் வரையறைக்கு வெளியே இருப்பவர்களின் நிலை இன்னும் குறுகியது. பேர்லைட் லைனர்ஸ் வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம், இடமாற்றத்தை எதிர்த்துத் தொடுக்கப்பட்ட உரிமையியல் வழக்கை, தனிப்பட்ட பணி ஒப்பந்தத்தை நீதிமன்றம் வற்புறுத்தி நிறைவேற்றாது என்ற காரணத்தால் நிலைக்காது என்றது. தனியார் நிறுவனத்துக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் தொடுக்கும் ரிட் மனுவும் பொதுவாக ஏற்கப்படாது. பணியிடத்தில் பாலியல் தொல்லை பற்றிப் புகார் கொடுத்த பெண்களின் நிலை மட்டும் வேறு. புகார் கொடுத்தவர் எழுத்து மூலம் கேட்டால், விசாரணை முடியும்வரை அவரையோ எதிர்த்தரப்பினரையோ வேறிடத்துக்கு மாற்ற நிறுவனத்தின் உள்ளகப் புகார்க் குழு பரிந்துரைக்கலாம் என்கிறது 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12ஆம் பிரிவு. அவர் கேட்காமலே அவரை மாற்றுவது பழிவாங்கலாகவே பார்க்கப்படும். கிளையில் நடந்த முறைகேடுகளைப் பற்றியும், மேலதிகாரியின் தொல்லையைப் பற்றியும் புகார் செய்த இந்தூர் வங்கி அதிகாரி ஒருவரின் இடமாற்றத்தை உயர் நீதிமன்றம் ரத்து செய்ததை 2020இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்து, அவரை மீண்டும் இந்தூருக்கே அனுப்பச் சொன்னது.

பணிக்கொடை பற்றிய அச்சத்தை விட்டுவிடுங்கள். ஐந்து ஆண்டுகளுக்கு மேல் பணியாற்றியவரின் பணிக்கொடையை, நிறுவனச் சொத்துக்குச் சேதம் விளைவித்தது, வன்முறை, ஒழுக்கக்கேடான குற்றம் போன்ற குறிப்பிட்ட காரணங்களுக்காக வேலைநீக்கம் செய்யும்போது மட்டுமே முழுவதுமாகவோ பகுதியாகவோ பிடித்தம் செய்யமுடியும் என்று 1972ஆம் ஆண்டுச் சட்டம் வரையறுத்தது. இடமாற்றத்துக்கு இணங்காதது அவற்றில் எதுவும் அல்ல. கடைசியாகப் பெற்ற அடிப்படை ஊதியமும் பஞ்சப்படியும் சேர்ந்து மாதம் 26,000 ரூபாய் என்று வைத்துக்கொண்டால், அதை 26ஆல் வகுத்து, 15ஆலும் பணியாண்டுகள் 11ஆலும் பெருக்க, 1,65,000 ரூபாய் வருகிறது. உண்மையில் நீங்கள் இழக்கக்கூடியது வேறொன்று. ஆலையைச் சுருக்க நினைக்கும் நிர்வாகம், ஆட்குறைப்பு செய்தால் ஒவ்வோர் ஆண்டுக்கும் பதினைந்து நாள் சராசரி ஊதியம் இழப்பீடாகத் தரவேண்டும் என்பதைத் தவிர்க்க, தூரத்துக்கு மாற்றிவிட்டு ராஜினாமாவை எதிர்பார்ப்பது உண்டு. மனிதவளப் பிரிவில் உட்காரவைத்து, 'போகமுடியாவிட்டால் எழுதிக் கொடுத்துவிடுங்கள், கணக்கை உடனே முடித்துத் தருகிறோம்' என்பார்கள். எழுதிக் கொடுத்தால் அந்த இழப்பீடும் போகும், இடமாற்றத்தை எதிர்க்கும் உரிமையும் அத்தோடு போகும். அந்த அறையில் எந்தக் காகிதத்திலும் கையெழுத்திடாதீர்கள். வீட்டுக்கு எடுத்துச் சென்று படித்துவிட்டுத் தருகிறேன் என்று சொல்லிவிட்டு வெளியே வாருங்கள்.

நியமன ஆணையில் உள்ள இடமாற்றப் பிரிவையும், உத்தரவின் தலைப்பில் உள்ள நிறுவனப் பெயர் ஊதியச் சீட்டில் உள்ளதோடு ஒத்திருக்கிறதா என்பதையும், அடையாளம் தெரியும் விவரங்களை நீக்கிவிட்டு எழுதினால், சேர்ந்து எதிர்ப்பதா சேராமல் எதிர்ப்பதா என்பதை இன்னும் உறுதியாகச் சொல்லமுடியும். ஏழு நாளில் எத்தனை நாள் கழிந்துவிட்டது என்பதையும் குறிப்பிடுங்கள். எதிர்ப்புக் கடிதம் மட்டும் அதற்காகக் காத்திருக்கவேண்டாம், இன்றே போகட்டும்.